அருந்ததிக்குப் பக்கத்தில்

எங்கள் கல்யாணத்தில் குருக்கள் அருந்ததி காட்டியது காலை பதினோரு மணிக்கு. கோயில் மண்டபத்து வாசலில் எங்கள் இருவரையும் நிறுத்தி, கொளுத்துகிற வெயிலில் வடக்குப் பக்கம் கையை நீட்டி, "அதோ பாருங்க, தெரியுதா?" என்றார். நான் "தெரியுது சாமி" என்றேன். எல்லா மாப்பிள்ளைகளும் அதைத்தான் சொல்வார்கள். பட்டப்பகலில் நட்சத்திரம் எங்கே தெரியும்? சொல்லிவிட்டு அடுத்த சடங்குக்குப் போகவேண்டியதுதான். பக்கத்தில் நின்ற புஷ்பவள்ளி மட்டும் மாலைக்குள்ளிருந்து முகத்தை நிமிர்த்தி, கண்ணைச் சுருக்கி, நிதானமாகத் தேடினாள். தேடிவிட்டு, "தெரியல சாமி" என்றாள்.

மண்டபமே சிரித்தது. குருக்கள் மறுபடியும் காட்டினார். மறுபடியும் "தெரியல" என்றாள். அவளுடைய அத்தை ஒருத்தி பின்னாலிருந்து இடுப்பில் கிள்ளி, "தெரியுதுன்னு சொல்லித் தொலையேன்டி" என்றாள். அப்போதும் சொல்லவில்லை. கடைசியில் குருக்களே, "சரிம்மா, ராத்திரி வீட்டுல போயிப் பாத்துக்க" என்று விட்டுவிட்டார். இப்படி ஒருத்தியோடு காலம் பூரா எப்படிக் குடும்பம் நடத்துவது என்று நினைத்தேன்.

நடத்தியாகிவிட்டது. பேரப்பிள்ளை பார்க்கிற வயதும் வந்துவிட்டது. ஆனால் அந்தக் குணம் மட்டும் மாறவில்லை. என் அம்மா ஆஸ்பத்திரியில் கிடந்தபோது, "சரியாயிடும்ல புஷ்பா?" என்று அவளைத்தான் கேட்டேன். ஊரே "எல்லாம் சரியாயிடும்" என்று சொல்லிக்கொண்டிருந்தது. அவள் என் கையைப் பிடித்துக்கொண்டு, "தெரியலங்க" என்றாள். ஆறுதலுக்குக்கூட ஒரு பொய் வராது அந்த வாயில்.

நான் அப்படி இல்லை. நான் பயந்தாங்கொள்ளி. சிம்பாங் அம்பாட்டில் ஒரு தொழிற்சாலையில் ஸ்டோர் வேலை. தினமும் மோட்டார் சைக்கிளில் எங்கள் தீவிலிருந்து கடல் பாலத்தைக் கடந்து போய் வருகிறேன். கார் ஓட்டத் தெரியாது, கற்றுக்கொள்ளவும் பயம். கேஸை மூடினோமா என்று மாடிப்படியில் பாதி இறங்கிவிட்டு மறுபடி ஏறிப் பார்ப்பேன். "அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய்" என்று புஷ்பா தலையில் அடித்துக்கொள்வாள். "கவலப்படுறதுக்குச் சம்பளம் குடுத்தாங்கன்னா இந்நேரம் நீங்கதான் மேனேஜர்" என்பாள்.

அவள் டத்தோ கிராமாட்டில் பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறாள். மஞ்சள் வேன். விடிவதற்கு முன்னால் கிளம்பிச் சந்து சந்தாகப் பிள்ளைகளை அள்ளிக்கொண்டு போய்ப் பள்ளியில் விட்டு, மத்தியானம் திரும்ப அள்ளிக்கொண்டு வருவாள். யாருக்கு எந்தப் பக்கம் உட்கார்ந்தால் வாந்தி வரும், யார் பையை மறந்துவிட்டு வருவான், யார் வீட்டில் அப்பா அம்மா சண்டை, எல்லாம் அவளுக்குத் தெரியும். பிள்ளைகள் அவளை "வேன் ஆன்ட்டி" என்பார்கள். வேனில் கத்தினால் ஒரே ஒரு பார்வைதான் பார்ப்பாள், கப்சிப் என்று ஆகிவிடும்.

அதற்கு முன்னால் பாயான் லெப்பாசில் ஒரு எலெக்ட்ரானிக் தொழிற்சாலையில் இருந்தாள். அங்கேதான் வந்தது வினை. வருஷாந்திர விருந்தில் குலுக்கல் வைப்பார்கள். முதல் பரிசு பெரிய டிவி. யாருக்கோ சைக்கிள், யாருக்கோ ரைஸ் குக்கர். இவளுக்கு விழுந்தது ஒரு தொலைநோக்கி. குட்டை முக்காலியில் உட்கார்ந்த பருத்த குழாய். "ரைஸ் குக்கர் விழுந்திருந்தா சோறாவது ஆக்கியிருக்கலாம்" என்று சொன்னேன். அவள் காதில் வாங்கவில்லை. அன்றைக்கே பிளாட்டு வராந்தாவில் வைத்து நிலாவைப் பார்த்தாள். பிறகு வியாழன், அதன் நிலாக்கள், சனி. அதெல்லாம் எனக்கும் தெரிந்தது, நானும் ஆகா என்றேன். அத்தோடு நிறுத்தியிருக்கலாம்.

வடக்கு வானத்தில் சப்தரிஷி மண்டலம் என்று ஏழு நட்சத்திரம் அகப்பை போல நிற்கும். அகப்பைக் காம்பின் நடுவில் இருப்பவர் வசிஷ்டர். அவரை ஒட்டிச் சின்னதாக மினுங்குவது அருந்ததி. அங்கிருந்து கொஞ்சம் தள்ளி ஒரு சுருள் விண்மீன் மண்டலம் இருக்கிறதாம். நம்முடைய சூரியனைப் போல எத்தனையோ ஆயிரம் கோடி சூரியன்கள் சேர்ந்து சுழல்கிற இடம். அங்கிருந்து கிளம்பிய வெளிச்சம் நமக்கு வந்து சேர இரண்டு கோடி வருஷத்துக்கு மேல் ஆகுமாம். படத்தில் பார்த்தால் ஜாங்கிரி போல அழகாகச் சுருண்டிருக்கும். தொலைநோக்கியில் பார்த்தால் ஒன்றும் இருக்காது. அதாவது எனக்கு இருக்காது. அவளுக்கு மட்டும், கண்ணாடியில் மூச்சு விட்டால் படிகிற ஆவி அளவுக்கு ஏதோ தெரியும். அதை அவள் "சுருள்" என்பாள், சொந்தக்காரப் பிள்ளையின் பேரைச் சொல்வது போல.

டவுன் வெளிச்சத்தில் அது தெரியாது. அதனால் வருஷத்துக்கு ஒரு தடவை, பள்ளி நடுவருஷ லீவில், நிலா இல்லாத ஒரு நாள் பார்த்து வேனில் தெலுக் பஹாங் போவோம். அந்தக் கடற்கரை வடக்கைப் பார்த்தது. எதிரே கடல், கடலுக்கு மேலே சப்தரிஷி. இருட்டியதும் குழாயை நிறுத்தி, வலது கண்ணை வைத்துத் தேட ஆரம்பிப்பாள். கிடைத்ததும் என்னைக் கூப்பிடுவாள். நான் குனிந்து முறைத்து முறைத்துப் பார்த்துவிட்டு ஒன்றுமில்லை என்பேன்.

"நேரா பாக்காதீங்க லா. அதுக்குப் பக்கத்து எடத்தப் பாருங்க. அப்பதான் அது ஓரத்துல வந்து நிக்கும்" என்பாள். "கடன்காரன மொறைக்கிற மாதிரி மொறைச்சா ஓடிடும்."

மங்கல் வெளிச்சத்தைப் பிடிக்கிற சக்தி கண்ணின் நடுவில் கிடையாதாம், ஓரத்தில்தான் இருக்கிறதாம். எல்லோருக்கும் அப்படித்தானாம். இதை எனக்கு வருஷா வருஷம் சொல்வாள். காதில் போட்டுக்கொண்டேனே ஒழிய மண்டையில் போட்டுக்கொள்ளவில்லை. எனக்குப் பக்கத்தில் பார்க்க வராது. பயந்தவனுக்கு எதையும் நேராக முறைத்தால்தான் நிம்மதி. அதனால் ஒவ்வொரு வருஷமும் கடைசியில் குழாயை அருந்ததிப் பக்கம் திருப்பிவிட்டு, "இந்தாங்க, ஒங்களுக்கு இதுதான்" என்று கொடுத்துவிடுவாள்.

இதற்கிடையில் அவளுக்குச் சர்க்கரை வந்தது. அரசாங்கக் கிளினிக்கில் மாத்திரை கொடுத்தார்கள், கண்ணை வருஷத்துக்கு ஒரு தடவை காட்டச் சொல்லி அப்பாயின்மெண்டும் கொடுத்தார்கள். ஒரு தடவைதான் போனாள். கண்ணுக்குள் மருந்து ஊற்றுவார்கள், ஊற்றினால் அன்றைக்கு முழுக்கப் பார்வை கலங்கி இருக்கும், வண்டி ஓட்டக்கூடாது. "அப்ப பிள்ளைங்கள யாரு ஏத்துறது?" என்று அடுத்த அப்பாயின்மெண்டைத் தள்ளிப் போட்டாள். அதற்கடுத்ததையும் தள்ளினாள். நான் கத்தினால் ஒரே பதில்தான். "ரெண்டு கோடி வருஷத்துக்கு முன்னாடி கெளம்புன வெளிச்சமே என் கண்ணுக்குத் தெரியுது. இதுக்கு மேல என்ன டெஸ்ட் வேணும்?"

நியாயம்தானே என்று எனக்கும் தோன்றியது. எனக்குத் தெரியாதது அவளுக்குத் தெரிகிறது. அப்படியென்றால் அவள் கண் என் கண்ணைவிட நல்ல கண். இப்படித்தான் இரண்டு பேரும் கணக்குப் போட்டோம்.

இந்த வருஷம் முதலில் தேத்தண்ணிதான் காட்டிக் கொடுத்தது. ஒருநாள் காலையில் எனக்குத் தேத்தண்ணி ஊற்றினாள். கோப்பைக்குள் விழவில்லை. விளிம்பில் பட்டு மேசையில் ஓடியது. "கை நழுவிருச்சு" என்றாள். சரி என்று விட்டேன். இரண்டு நாள் கழித்து மறுபடியும் அதே மாதிரி, அதே அளவு தள்ளி விழுந்தது. அன்றிலிருந்து அவள் ஊற்றும்போதெல்லாம் கோப்பையையே பார்த்தேன். அவள் இப்போது கெண்டியின் மூக்கைக் கோப்பையில் முட்டவைத்துவிட்டுத்தான் ஊற்றுகிறாள் என்று கவனித்தேன். சட்டைப் பொத்தான் தைக்க நூல் கோர்த்தபோது, நூல் ஊசிக்கு முன்னாலேயே நின்று காற்றைக் குத்தியது.

பிறகு ஜபருல்லா வந்தான். எங்கள் வேனுக்கு வைத்தியம் பார்க்கிற மெக்கானிக். அவன் பட்டறை எங்கள் தெருவிலேயே இருக்கிறது. சாயங்காலம் என் மோட்டார் சைக்கிளை மறித்தான்.

"அண்ணே, ஒண்ணு சொன்னா அக்காகிட்ட சொல்லக்கூடாது."

"சொல்லு."

"முன்னாடி பம்பர் ரெண்டு தடவ மாத்திட்டேன். செவுத்துல இடிச்சிருக்காங்க. பெருசா ஒண்ணுமில்ல, மெல்லத்தான். ஆனா இத்தன வருஷத்துல அக்கா ஒரு கீறல் போட்டதில்ல அண்ணே."

செவுரு சும்மா நிற்கிறது. பிள்ளைகள் சும்மா நிற்பார்களா? வேன் நிற்பதற்கு முன்னால் ஓடிவந்து கதவைத் தொடுகிற பிள்ளைகள் அவை.

அன்றிலிருந்து எனக்குத் தூக்கம் போனது. வேலையில் இருந்தால் கைப்பேசி அடிக்கும்போதெல்லாம் பள்ளிக்கூடத்திலிருந்தோ என்று ஓடிப் பார்த்தேன். ஒருநாள் தாங்கமுடியாமல் லீவு போட்டுவிட்டு, மோட்டார் சைக்கிளில் வேனுக்குப் பின்னாலேயே போனேன். சிவப்பு விளக்கில் முன்னால் நின்ற லாரிக்கும் வேனுக்கும் நடுவில் தேவைக்கு மேல் இடம் விட்டு நின்றாள். அடுத்த விளக்கில் முன்னால் நின்ற காரின் பின்பக்கத்தை முட்டுகிற மாதிரி போய் நின்றாள். நான் ஹெல்மெட்டுக்குள் வியர்த்துக்கொண்டிருந்தேன். பிள்ளைகளைப் பள்ளியில் இறக்கிவிட்டதும் வேனை ஓரம் கட்டி இறங்கி, நேராக என்னிடம் வந்தாள்.

"என்ன, உளவு பாக்குறீங்களா?"

"இல்ல புஷ்பா, இந்தப் பக்கம் ஒரு வேல..."

"மூணு ஜங்ஷனா கண்ணாடியில ஒங்க ஹெல்மெட்டுதான் தெரியுது. இதுல எனக்குக் கண்ணு தெரியலன்னு ஜபருல்லா கூட சேர்ந்து பேச்சு வேற. அவன் மொகத்தப் பாத்தாலே எல்லாம் தெரியுது."

அன்று சாயங்காலம் வீட்டில் பெரிய சண்டை. கிளினிக்குக்கு வா என்றேன். லைசென்ஸ் புதுப்பிக்கும்போது பலகையில் எல்லா எழுத்தையும் படித்தேனே என்றாள். அது எப்போதோ நடந்தது என்றேன். "கண் கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம் பண்ணப்போறியா?" என்று கேட்டுவிட்டேன். கேட்டிருக்கக் கூடாது. அவள் முகம் சுருங்கியது. அப்போதுதான் அவளுக்கும் பயம் இருக்கிறது என்று எனக்குத் தெரிந்தது. அவள் பயந்து நான் பார்த்ததில்லை. அது என் பயத்தை இரட்டிப்பாக்கியது.

கொஞ்ச நேரம் கழித்து அவளே வந்து உட்கார்ந்தாள்.

"சரி. லீவு வரட்டும். தெலுக் பஹாங் போவோம். சுருள் தெரியலன்னா நீங்க சொல்ற எடத்துக்கு வர்றேன், வேன் சாவியக்கூட குடுத்துடறேன். தெரிஞ்சுதுன்னா நீங்க வாயத் தொறக்கக்கூடாது. சம்மதமா?"

சம்மதித்தேன். அவள் பொய் சொல்லமாட்டாள். அந்த ஒரு தைரியத்தில்தான் சம்மதித்தேன்.

லீவு வருகிற வரைக்கும் நான் பட்ட பாடு கொஞ்சமில்லை. முனீஸ்வரர் கோயிலில் போய் நின்றால் என்ன கேட்பது என்று தெரியவில்லை. தெரியவேண்டும் என்று கேட்டால், அவள் கிளினிக்குக்கு வரமாட்டாள். தெரியக்கூடாது என்று கேட்டால், அது எந்தப் புருஷன் கேட்கிற வரம்? கற்பூரத்தை ஒற்றிக்கொண்டு ஒன்றும் கேட்காமல் திரும்பினேன். லீவு வந்தது. முதல் நாள் மழை. மறுநாள் மேகம். அதற்கடுத்த நாள் சாயங்காலம் வானம் கழுவி விட்ட மாதிரி இருந்தது.

வழியில் பத்து ஃபெரிங்கி என்ற ஊரின் வளைவுகளில் அவள் ஓட்ட, நான் கதவுப் பிடியைப் பிடித்துக்கொண்டு வந்தேன். ஒவ்வொரு வளைவிலும் இல்லாத பிரேக்கைக் காலால் மிதித்தேன். "ரெண்டு பேரும் ஓட்டுனா வண்டி எந்தப் பக்கம் போகும்?" என்றாள். சிரிக்கத்தான் சொன்னாள். இரண்டு பேருக்கும் சிரிப்பு வரவில்லை.

கடற்கரையில் ஒரு சாப்பாட்டுக் கடைக்குப் பக்கத்தில் வேனை நிறுத்தினோம். நாசி லெமாக், அதாவது தேங்காய்ப்பால் சோற்றுப் பொட்டலம், வாங்கி வைத்துக்கொண்டு, கடையின் விளக்கு படாத இடமாக மணலில் குழாயை நிறுத்தினோம். சாயங்கால வெளிச்சம் போனதும் கடலுக்கு மேலே ஏழு நட்சத்திரமும் வந்தன. காம்பின் நடுவில் வசிஷ்டரும் அருந்ததியும். "ரெண்டும் தெரியுதா?" என்று கேட்டேன். "தெரியுது லா" என்றாள். இரண்டு கண்ணையும் திறந்து பார்த்துச் சொன்னாள். உண்மைதான் சொன்னாள்.

பிறகு குனிந்து வலது கண்ணை வைத்தாள். அலைச் சத்தம் மட்டும் கேட்டது. குழாயை இம்மி இம்மியாக நகர்த்தினாள். நின்றாள். மறுபடி நகர்த்தினாள். நடுவில் ஒரு தடவை கண்ணை எடுத்துத் துடைத்துக்கொண்டாள். எனக்கு உட்காரவும் முடியவில்லை, நிற்கவும் முடியவில்லை. பிறகு குழாயை விரலால் லேசாகத் தட்டினாள். மங்கலானது அசைந்தால்தான் கண்ணுக்குப் பிடிபடுமாம். இரண்டாம் தடவை தட்டினாள்.

"தெரியுது" என்றாள்.

"நெசமாவா?"

"சுருள்தான். போன வருஷம் இருந்த மாதிரியேதான் இருக்கு. ஓரத்துல நல்லா வந்து நிக்குது."

எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. வெட்கமில்லாமல் சொல்கிறேன், அந்த மணலில் உட்கார்ந்து அழுதேன். அவள் "ச்சீ, எந்திரிங்க, யாராச்சும் பாக்கப்போறாங்க" என்று தலையில் தட்டினாள். பொட்டலத்தைப் பிரித்துச் சாப்பிட்டோம். பல நாளுக்குப் பிறகு எனக்குப் பசித்தது. அவள் பொட்டலத்து நெத்திலியையும் எனக்கே போட்டாள். பந்தயத்தில் தோற்றவன் இவ்வளவு சந்தோஷப்பட்டு யாரும் பார்த்திருக்கமாட்டார்கள்.

வழக்கம்போல எனக்குச் சுருள் தெரியவில்லை. வழக்கம்போல குழாயை அருந்ததிப் பக்கம் திருப்பிக் கொடுத்தாள். வெறும் கண்ணால் பார்த்து, குழாயின் முதுகோடு சரிபார்த்துத் திருப்பிவிட்டாள், உள்ளே பார்க்கவில்லை. நான் பார்த்தேன். வசிஷ்டர் பளீரென்று இருந்தார். தள்ளி அருந்ததி. அன்றைக்கு மனசு லேசாக இருந்ததாலோ என்னவோ, வழக்கத்தைவிட நன்றாகப் பார்த்தேன்.

"புஷ்பா, வசிஷ்டரே ரெண்டா இருக்காரு. ஒட்டிக்கிட்டு இன்னொண்ணு இருக்கு. அது யாரு?"

"எப்பவும் இருக்கிறதுதானே. இத்தன வருஷம் என்னத்தப் பாத்தீங்க? தள்ளுங்க" என்று குனிந்தாள்.

குனிந்தவள் நிமிரவில்லை.

"நகந்துருச்சு" என்றாள். நான் பார்த்தேன். நடுவில்தான் இருந்தது. அப்படியே இருக்கிறது என்றேன். மறுபடி குனிந்தாள். வெகுநேரம் பார்த்தாள். குழாயை அவள் தொடவில்லை, தட்டவில்லை. நான் ஏதோ பேசிக்கொண்டே இருந்தேன், கடைக்காரரின் மிளகாய்ச் சம்பல் நன்றாக இருந்தது என்றோ என்னவோ. அவள் கையைத் தூக்கி என்னைப் பேசாதே என்று காட்டினாள்.

"வசிஷ்டர் பூசிவிட்ட மாதிரி இருக்காரு. கொழகொழன்னு."

"அருந்ததி?"

"தெரியல."

எனக்குப் புரியவில்லை. "நல்லாப் பாரு, எனக்கே தெரியுது" என்றேன். அவள் கண்ணை எடுக்காமல் சொன்னாள்: "பக்கத்துல பாத்தா வருது. நேரா பாத்தா போயிடுது." பிறகு தலையை நகர்த்தி இடது கண்ணை வைத்தாள். "இதுல தெரியுது. மூணும் தெரியுது." மறுபடி வலது கண். "தெரியல."

அப்படியே மணலில் உட்கார்ந்தாள். எனக்கு முன்னால் அவளுக்குத்தான் புரிந்தது. அவள் சொல்லித்தான் எனக்குப் புரிந்தது. சுருளை யாருமே கண்ணின் நடுவால் பார்ப்பதில்லை. நல்ல கண்ணுக்கும் நேராகப் பார்த்தால் அது மறைந்துதான் போகும். அவள் வருஷா வருஷம் ஓரத்தால் பார்த்துவிட்டுக் கண் நன்றாக இருக்கிறது என்று வீட்டுக்குப் போயிருக்கிறாள். நடு அழிந்துகொண்டே வந்ததை அந்தச் சுருள் சொல்லவில்லை, சொல்லவும் முடியாது. பகலில் இடது கண் இரண்டு பேர் வேலையையும் பார்த்திருக்கிறது. ஒற்றைக் கண்ணுக்குத் தூரம் பிடிபடாது. அதனால்தான் தேத்தண்ணி, ஊசி, செவுரு எல்லாம்.

"தூசியா இருக்கும்" என்றேன். "களைப்பா இருக்கும். நாளைக்குப் பாப்போம்."

பந்தயப்படி அவள் ஜெயித்துவிட்டாள். நான் வாயைத் திறக்கக்கூடாது. அருந்ததி தெரிகிறது என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால், நான் நம்பியிருப்பேன், சந்தோஷமாக வீட்டுக்குப் போயிருப்பேன். லீவு முடிந்ததும் அவள் விடியற்காலையில் வேனை எடுத்திருப்பாள்.

பையைத் துழாவி வேன் சாவியை எடுத்து என் சட்டைப்பையில் போட்டாள்.

"பிள்ளைங்கள ஏத்துற வண்டிங்க அது" என்றாள்.

எனக்கோ கார் ஓட்டத் தெரியாது. கடைக்காரரிடம் வேனைப் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டு, ஜபருல்லாவுக்குப் போன் போட்டேன், காலையில் வீட்டுக்கு வந்து சாவியை வாங்கிக்கொண்டு போய் வேனைக் கொண்டுவந்து விடுகிறேன் என்றான். நாங்கள் பஸ் ஏறினோம். குழாயை மடியில் குழந்தை போல வைத்துக்கொண்டு ஜன்னலோரம் உட்கார்ந்தாள். வழியில் ஒரு கையால் வலது கண்ணை மூடித் திறப்பாள், பிறகு இடது கண்ணை மூடித் திறப்பாள். டவுனில் கொம்தார் பஸ் நிலையம் வரும் வரைக்கும் அதையே செய்துகொண்டு வந்தாள். இறங்குவதற்கு முன்னால் குணவதிக்குப் போன் செய்தாள். அவளும் எங்கள் பக்கம் வேன் ஓட்டுகிறவள்தான். எந்தப் பிள்ளையை எந்தப் பக்கம் உட்கார வைக்கவேண்டும் என்று புஷ்பா ஒவ்வொன்றாகச் சொன்னாள்.

அந்த வாரமே போன கண் கிளினிக்கில் ரொஸ்னா என்ற நர்ஸ், இடது கண்ணை மூடிக்கொண்டு பலகையைப் படிக்கச் சொன்னாள். புஷ்பா பழக்கதோஷத்தில் முகத்தைக் கொஞ்சம் திருப்பினாள். "நேராகப் பாருங்கள் அக்கா, பக்கத்தில் பார்க்காதீர்கள்" என்று ரொஸ்னா மலாயில் சொன்னாள். நேராகப் பார்த்தாள். முதல் பெரிய எழுத்தோடு நின்றுவிட்டாள். பிறகு இரண்டு கண்ணிலும் மருந்து ஊற்றினார்கள். "இன்றைக்கு வண்டி ஓட்டக்கூடாது, தெரியுமல்லவா?" என்றாள் ரொஸ்னா. புஷ்பா "தெரியும்" என்றாள். நான் சட்டைப்பையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டேன்.

டாக்டர் படம் எடுத்துக் காட்டினார். வலது கண்ணின் நடுவில் சர்க்கரையால் இரத்தம் கசிந்து வீங்கியிருக்கிறது. ஊசி போடவேண்டும், பல தடவை. போனது எவ்வளவு திரும்பும் என்று இப்போது சொல்ல முடியாது. இடது கண்ணிலும் ஆரம்பித்திருக்கிறது, ஆனால் இன்னும் நடுவுக்கு வரவில்லை. இப்போது வந்ததால் அதைக் காப்பாற்றப் பார்க்கலாம் என்றார். பிள்ளைகளை ஏற்றுகிற வேன் இனி வேண்டாம் என்றார். புஷ்பா தலையாட்டினாள். அவள் எதிர்த்துப் பேசியிருந்தால் எனக்குக் கொஞ்சம் தெம்பாக இருந்திருக்கும்.

வெளியே பஸ் நிறுத்தத்தில் வெயில் காய்ந்தது. மருந்து ஊற்றிய கண்ணுக்கு வெளிச்சம் தாங்காது. ரொஸ்னா கொடுத்த கறுப்புக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, என் தோளைப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தாள். நான் டாக்டர் சொன்னதையே நினைத்துக்கொண்டிருந்தேன். இடது கண்ணும் போய்விட்டால்? ஊசியில் ஏதாவது ஆகிவிட்டால்? கேட்கக்கூடாது என்று பல்லைக் கடித்தேன். முடியவில்லை.

"எல்லாம் சரியாயிடும்ல புஷ்பா?"

அவள் என்ன சொல்வாள் என்று எனக்குத் தெரியும். என் அம்மா ஆஸ்பத்திரியில் கிடந்தபோது சொன்னதைத்தான் சொல்வாள்.

அவள் என் கையைப் பிடித்துப் பார்த்தாள். அது நடுங்கிக்கொண்டிருந்தது.

"மணி என்ன?" என்று கேட்டாள்.

"பதினொண்ணு ஆவப்போவுது."

"அருந்ததியக் காட்டுங்க."

"இப்பவா? இந்த வெயில்லயா?"

"அன்னிக்கும் இதே வெயில்தான். காட்டுங்க."

எழுந்து நின்று வடக்கு எந்தப் பக்கம் என்று பார்த்தேன். எதிரே இருந்த பிளாட்டுகளுக்கு மேலே, குருக்கள் நீட்டிய மாதிரியே கையை நீட்டினேன். "அதோ" என்றேன்.

புஷ்பா கறுப்புக் கண்ணாடியைக் கழற்றினாள். விரிந்த கண்ணில் வெயில் பட்டுத் தண்ணீர் கொட்டியது. துடைக்காமல் முகத்தை நிமிர்த்தி, என் விரல் போகும் பக்கம் நிதானமாகத் தேடினாள். தேடிவிட்டு என் பக்கம் திரும்பினாள்.

"தெரியுது" என்றாள்.

நான் கையை இறக்கவில்லை. பஸ் வந்து நின்ற பிறகுதான் இறக்கினேன்.